நகை வேண்டாம், வீட்டுக்கு முன்பணம் கொடுங்கள் என்கிறாள் மகள்

வாசகியின் கேள்வி: எங்களுக்கு ஒரு மகள், ஒரு மகன். மகளுக்கு 28 வயது, கோவையில் ஐ.டி. வேலை. வருகிற தை மாதம் கல்யாணம். அவள் பிறந்ததிலிருந்து சீட்டுப் போட்டும் நகைச்சீட்டு கட்டியும் 40 பவுன் என்று கணக்கு வைத்துச் சேர்த்தோம். அதில் 18 பவுன் நகையாக இருக்கிறது. மீதி 22 பவுனுக்கான பணம் வங்கியில் இருக்கிறது. "இதுக்கு மேல நகை வேண்டாம்மா, பணத்தை ஃபிளாட்டுக்கு முன்பணமா குடுங்க" என்கிறாள் மகள். என் மாமியாரோ, "பிள்ளையை வெறுங்கழுத்தோட சபையில நிறுத்தப் போறியா?" என்று கேட்கிறார். மாப்பிள்ளை வீட்டில் எதுவும் கேட்கவில்லை. ஆனால் மாப்பிள்ளையின் அப்பா, "லோன் பையன் பேர்லதான் வாங்கப் போறோம், வீடும் அவன் பேர்லயே இருக்கட்டும். புருஷன் பொண்டாட்டிக்குள்ள என்ன பிரிவினை" என்கிறார். இவ்வளவையும் கொடுத்த பிறகு நாளை தங்கை சொத்திலும் பங்கு கேட்பாளா என்று மகன் மனதில் ஒரு கேள்வி. நாங்கள் என்ன செய்வது?
- திண்டுக்கல் மாவட்டத்திலிருந்து ஒரு தாய்

குடும்பநல வழக்கறிஞரின் பதில்:

அன்புச் சகோதரிக்கு,

உங்கள் மகள் கேட்பது நியாயம். உங்கள் மாமியாரின் பயமும் வெறும் ஊர்ப்பேச்சு அல்ல. பெண்ணுக்கு வங்கிக் கணக்கோ சம்பளமோ சொத்தில் பங்கோ இல்லாத காலத்தில், அவள் கைக்குள் இருந்த ஒரே சொத்து நகைதான். ராத்திரி ஆஸ்பத்திரிச் செலவென்றால் வளையலைக் கழற்றி அடகு வைத்துவிடலாம். ஃபிளாட்டை அப்படி வைக்க முடியாது. அதனால் இருக்கிற 18 பவுனைத் தொடாதீர்கள். அதற்கு மேல் நகை வாங்கத் தேவையில்லை என்பதே என் கருத்து.

22 பவுனை இனி நகையாக வாங்கினால் என்ன ஆகும் என்று கணக்குப் பாருங்கள். கல்யாண நகைக்குச் செய்கூலி, சேதாரம் எல்லாம் சேர்த்து 15 சதவீதம் என்று வைத்துக்கொண்டாலே 3.3 பவுனுக்கான பணம் கடையிலேயே போய்விடும். அதற்கு மேல் 3 சதவீதம் ஜி.எஸ்.டி. விற்கும்போதோ மாற்றும்போதோ இவை திரும்பி வராது, தங்கத்தின் எடைக்கு மட்டும்தான் விலை. வருடத்தில் இரண்டு நாள் போட்டுவிட்டு லாக்கரில் வைக்கப்போகிற ஒட்டியாணத்துக்கும், புஜத்தில் போடும் வங்கி நகைக்கும் அந்த நஷ்டம் அதிகம். சபைக்கு வேண்டுமானால் டெம்பிள் செட் வாடகைக்குக் கிடைக்கிறது. அதோடு அப்பத்தாவிடம் அட்டிகை இருந்து அதையும் போட்டால் மணமேடைக்குத் தாராளம். நகைச்சீட்டு ஏதாவது இன்னும் ஓடிக்கொண்டிருந்தால், முடிவில் பெரும்பாலும் பணமாகத் தரமாட்டார்கள். அதைக் கல் பதிக்காத வளையலாகவோ சாதாரண செயினாகவோ எடுத்துவிடுங்கள். அவற்றில் சேதாரம் குறைவு, அலுவலகத்துக்கும் போட்டுப் போகலாம்.

நகையா, பணமா என்பது உங்கள் வீட்டு விருப்பம். கொடுத்தது யாருடையது என்பதற்குக் காகிதம் இருக்கிறதா என்பதுதான் எனக்கு முக்கியம்.

மணமேடைக்குப் பக்கத்தில் மேஜை போட்டு மொய் நோட்டு எழுதுகிறோம். பெயர், ஊர், தொகை எல்லாம் வரிவரியாக இருக்கும். 101 ரூபாய் மொய்க்கும் கணக்கு உண்டு, ஆனால் 40 பவுனுக்கு எழுத்து இருப்பதில்லை. "எழுதினா நம்பிக்கை இல்லாத மாதிரி ஆயிடும்" என்று விட்டுவிடுகிறார்கள். ஆனால் சட்டமே எழுதத்தான் சொல்கிறது. 1961-ம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டத்தின் கீழ் 1985-ல் வந்த விதிகளின்படி மணமகளுக்கு வந்த பரிசுகளுக்கு ஒரு பட்டியல், மணமகனுக்கு வந்தவற்றுக்கு ஒரு பட்டியல் இருக்க வேண்டும். பொருளின் விவரம், தோராய மதிப்பு, கொடுத்தவர் பெயர், அவர் உறவினரானால் என்ன உறவு, இவ்வளவுதான் அதில் வரும். இரண்டு பட்டியலிலும் மணமக்கள் இருவரும் கையெழுத்திட வேண்டும். கல்யாணத்தின்போதோ அது முடிந்து கூடிய சீக்கிரத்திலோ எழுதலாம். அவளுடையதை அவளும் அவருடையதை அவரும் வைத்துக்கொள்ள வேண்டும். மாப்பிள்ளைக்கு நீங்கள் போடும் மோதிரமும் செயினும் அவர் பட்டியலில் வரும்.

எழுதும் முறை முக்கியம். "ஆரம் 1" என்று மட்டும் எழுதினால் பின்னால் உதவாது. இப்படி எழுதுங்கள்: "நீள ஆரம் ஒன்று, 22 காரட், மொத்த எடை 41.300 கிராம், கல் எடை 1.100 கிராம், நிகர எடை 40.200 கிராம், ஹால்மார்க் எண் இன்னது, பில் எண், தேதி, தோராய மதிப்பு, கொடுத்தவர் மணமகளின் தந்தை." 2023 ஏப்ரல் 1 முதல் கடையில் விற்கிற நகையில் எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்க ஹால்மார்க் எண் இருந்தாக வேண்டும். பி.ஐ.எஸ். கேர் செயலியில் அந்த எண்ணைப் போட்டுச் சரிபார்த்துக்கொள்ளலாம். பழைய நகையில் அது இருக்காது. அதற்குப் பதில் ஒவ்வொரு நகையையும் எலெக்ட்ரானிக் தராசில் வைத்து, எடை தெரிகிற மாதிரி படம் எடுங்கள். எழுத்தும் படமும் ஒன்றுக்கொன்று சாட்சியாக இருக்கும். கல்யாண ஆல்பத்தில் கழுத்து நகை தெரிவதால் மட்டும் எடை நிரூபணமாகாது.

இதெல்லாம் எதற்கு என்று தோன்றினால் ஒரு வழக்கைச் சொல்கிறேன். கேரளத்தில் 2003-ல் கல்யாணமான ஒரு பெண்ணுக்குப் பிறந்த வீட்டில் 89 பவுன் போட்டார்கள். அதன் பிறகு அவள் அப்பா மாப்பிள்ளையிடம் 2 லட்சம் ரூபாய்க்குக் காசோலையும் கொடுத்தார். முதல் இரவிலேயே, பத்திரமாக வைக்கிறேன் என்று கணவர் நகைகளை வாங்கித் தன் அம்மாவிடம் கொடுத்துவிட்டார், அவை அந்தக் குடும்பத்தின் கடனுக்குப் போய்விட்டன என்பது அந்தப் பெண்ணின் புகார். குடும்ப நீதிமன்றம் 2011-ல் அவள் பக்கம் தீர்ப்புச் சொன்னது. நிரூபணம் போதாது என்று உயர் நீதிமன்றம் 2022-ல் அதை மாற்றியது. கடைசியில் உச்ச நீதிமன்றம் 2024 ஏப்ரலில் 25 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னது. கல்யாணமாகி 21 வருடம் ஆகியிருந்தது. இருவரும் கையெழுத்திட்ட ஒரு பட்டியல் இருந்திருந்தால் நிரூபணம் பற்றிய சண்டையில் பாதி அங்கேயே தீர்ந்திருக்கும்.

பெண்ணுக்குப் பிறந்த வீட்டிலும் புகுந்த வீட்டிலும் பரிசாகக் கொடுத்தது சீதனம், அது அவளுக்கே முழு உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1985-லேயே சொல்லிவிட்டது. கணவர் கையில் இருந்தால் அவர் அதைப் பாதுகாக்கிறவர் மட்டும்தான். கஷ்ட காலத்தில் எடுத்துப் பயன்படுத்தினாலும் திருப்பித் தர வேண்டும், தராமல் எடுத்துக்கொண்டால் அது நம்பிக்கை மோசடிக் குற்றம். ஆனால் சட்டம் உதவிக்கு வருவதற்கு முன்பே நகை கை மாறிவிடுகிறது. அதனால் கல்யாணத்துக்கு ஒரு மாதம் முன்பே மகள் பெயரில், அல்லது அவளும் நீங்களும் சேர்ந்து, ஒரு லாக்கர் எடுத்துவிடுங்கள். கல்யாணம் முடிந்த வாரத்திலேயே தினசரி போடுவது போக மீதியை அங்கே வைத்துவிடலாம். "நகையைக் கழட்டி அத்தைகிட்ட குடும்மா" என்று யாராவது சொன்னால் "லாக்கர் எடுத்தாச்சு அத்தை, ரெண்டு நாள்ல வெச்சுருவோம்" என்று சொல்ல அவளைப் பழக்குங்கள். முன்பே ஏற்பாடு செய்திருந்தால் இதைச் சொல்வது எளிது, மனஸ்தாபமும் வராது. உள்ளே என்ன இருக்கிறது என்பது வங்கிக்குத் தெரியாது. ஆகவே பட்டியலின் ஒரு நகல் உங்கள் வீட்டிலும் இருக்கட்டும்.

இத்தனை பவுன் வைத்திருந்தால் வருமான வரித்துறை கேட்குமா என்ற பயம் பலருக்கு இருக்கிறது. சோதனை நடந்தால்கூட, கல்யாணமான பெண்ணுக்கு 500 கிராம், கல்யாணமாகாத பெண்ணுக்கு 250 கிராம், ஆணுக்கு 100 கிராம் வரை நகையைப் பறிமுதல் செய்ய வேண்டாம் என்று 1994-ல் ஓர் அறிவுறுத்தல் உண்டு. 500 கிராம் என்றால் 62.5 பவுன். அதற்கு மேல் வைத்திருக்கக் கூடாது என்று இதற்கு அர்த்தம் இல்லை. வாங்கிய கணக்கோ, வந்த வழியோ காட்ட முடிந்தால் எவ்வளவும் வைத்திருக்கலாம்.

இனி பணம். இதில்தான் உங்கள் சம்பந்தி சொன்னதைக் கவனமாகப் பார்க்க வேண்டும். நீங்களாக உங்கள் மகளுக்குக் கொடுப்பது பரிசு. பட்டியலில் எழுதி, வழக்கப்படியும் உங்கள் வசதிக்கு ஏற்பவும் கொடுத்தால் சட்டம் அதைத் தடுக்கவில்லை. "இவ்வளவு போட்டால்தான் கல்யாணம்" என்று பேச்சு மாறினால் அது வரதட்சணை. வாங்குவதற்கும் கொடுப்பதற்கும் குறைந்தது 5 ஆண்டு சிறை. அவர் சொன்னது இப்போது யோசனை அளவில்தான் இருக்கிறது, அதைக் குற்றமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் அப்படியே ஒத்துக்கொள்ளவும் வேண்டாம்.

பணத்தை மாப்பிள்ளை கணக்கிலோ பில்டர் கணக்கிலோ நேராகப் போடாதீர்கள். மகள் பெயரில் மட்டும் இருக்கிற கணக்குக்கு உங்கள் கணவர் கணக்கிலிருந்து மாற்றுங்கள். பெற்றோர் கொடுக்கும் பரிசுக்கு மகளுக்கு வருமான வரி கிடையாது, தொகைக்கு வரம்பும் இல்லை. ரொக்கம் கூடவே கூடாது. ஒருவரிடமிருந்து ஒரே நாளில் 2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கினால், வாங்கியவருக்கு அதே அளவு தொகை அபராதம் விழும். சொந்த மகளுக்கும் இதில் விலக்கு இல்லை.

பணம் மாற்றிய அன்றே வெள்ளைத் தாளில் ஒரு கடிதம் எழுதிக்கொள்ளுங்கள்: "என் மகள் இன்னாருக்கு, இந்தத் தேதியில், இந்த வங்கிக் கணக்கிலிருந்து, இவ்வளவு ரூபாயை அன்பளிப்பாகக் கொடுத்திருக்கிறேன். இது அவளுக்கே முழு உரிமையானது. யாரும் கேட்டதன் பேரில் கொடுத்தது அல்ல." கீழே அப்பாவின் கையெழுத்தும், "பெற்றுக்கொண்டேன்" என்று மகளின் கையெழுத்தும், இரண்டு சாட்சிகளின் கையெழுத்தும் வேண்டும். பணம் கைமாறிவிட்டதால் இதைப் பதிவு செய்யத் தேவையில்லை. வீட்டுக் கடன் கேட்கும்போது "இந்தப் பணம் எப்படி வந்தது" என்று வங்கி கேட்டாலும் இந்தக் கடிதம்தான் பதில்.

வீடு யார் பெயரில் என்பதற்கு வருவோம். ஃபிளாட் 60 லட்சம் என்று வைத்துக்கொள்ளுங்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி கொடுக்கலாம். அதாவது 48 லட்சம். மீதி 12 லட்சம் கையிலிருந்து போட வேண்டும், பத்திரப் பதிவுச் செலவு தனி. இந்த 12 லட்சத்தை உங்கள் மகள் போட்டு, மாதத் தவணையை இருவரும் பாதிப் பாதி கட்டினால், அசலில் அவள் பங்கு 12-ம் 24-ம் சேர்ந்து 36 லட்சம், அவர் பங்கு 24 லட்சம். 60-க்கு 40. வீடு அவர் பெயரில் மட்டும் இருந்தால், பாதிக்கு மேல் போட்டவள் பெயர் பத்திரத்தில் இருக்காது. பின்னால் வழக்கு வந்தால், "ஆசையாக் குடுத்தா" என்ற ஒரு வார்த்தையில் அந்தப் பணம் போய்விடும்.

இதைவிட மோசமான நிலை ஒன்று உண்டு. பத்திரத்தில் அவர் பெயர் மட்டும், கடன் ஒப்பந்தத்தில் மட்டும் இருவர் கையெழுத்து. மகளின் சம்பளத்தைச் சேர்த்துக் காட்டினால் கடன் கூடுதலாகக் கிடைக்கும் என்பதற்காக இப்படிச் செய்கிறார்கள். இணைக் கடன்தாரர் என்று கையெழுத்துப் போட்டவர் முழுக் கடனுக்கும் பொறுப்பு. ஆனால் அந்தக் கையெழுத்தால் வீட்டில் ஒரு செங்கல்லும் அவருக்குச் சொந்தமாகாது. எங்கே கையெழுத்துப் போட்டாலும், "இது உரிமைப் பத்திரமா, கடன் பத்திரமா" என்று கேட்டுவிட்டுப் போடச் சொல்லுங்கள்.

ஆகவே கிரயப் பத்திரம் இருவர் பெயரிலும் இருக்கட்டும். பங்கு விகிதத்தை, 60-க்கு 40 என்றோ சரிபாதி என்றோ, அந்தப் பத்திரத்திலேயே எழுத வேண்டும். அவள் கணக்கிலிருந்து போன காசோலை எண்களும் தொகையும் அதில் வர வேண்டும். விகிதம் எழுதாவிட்டால், யார் எவ்வளவு போட்டார்கள் என்று கணக்குப் பார்த்துப் பங்கு பிரிப்பார்கள். கணக்குக்கு ஆதாரம் இல்லாவிட்டால் சரிபாதி என்று எடுத்துக்கொள்வார்கள். குழந்தை பிறந்து அவள் இரண்டு வருடம் வேலையை விட்டால் தவணை முழுக்க அவர் சம்பளத்திலிருந்துதான் போகும். அப்போது கணக்கு மாறிவிடும், "நான்தானே கட்டினேன்" என்ற பேச்சு வரும். வீட்டில் அவள் பார்த்த குழந்தைக்கும் சமையலுக்கும் வங்கி அறிக்கையில் ஒரு வரிகூட இருக்காது. அதனால்தான் விகிதத்தை முதல் நாளே எழுதி முடித்துவிட வேண்டும் என்கிறேன்.

அவசரப்பட்டுக் கல்யாணத்துக்கு முன்பே வீடு வாங்க வேண்டாம். அதுவரை பணம் மகள் பெயரில் நிரந்தர வைப்பாக இருக்கட்டும். தமிழ்நாட்டில் கல்யாணத்தைப் பதிவு செய்வது 2009-ம் ஆண்டுச் சட்டப்படி கட்டாயம். 90 நாளுக்குள் செய்ய வேண்டும், தவறினால் கூடுதல் கட்டணத்தோடு இன்னும் 60 நாள் உண்டு. அந்தச் சான்றிதழ் கையில் வந்த பிறகு வீடு பாருங்கள்.

சம்பந்தியிடம் எப்படிப் பேசுவது? சட்டத்தைச் சொல்ல வேண்டாம். "லோன்ல ரெண்டு பேர் சம்பளமும் சேர்ந்தா தொகை கூடும், ரெண்டு பேரும் உரிமையாளரா இருந்து தவணை கட்டினா வரிச்சலுகைக்கும் வழி இருக்கு, அதனால ரெண்டு பேர் பேர்லயும் பதிவு பண்ணிருவோம்" என்று சொல்லுங்கள். இதில் பொய் எதுவும் இல்லை. வரிச்சலுகை யாருக்கு எவ்வளவு என்பது அவர்கள் தேர்ந்தெடுக்கும் வரி முறையைப் பொறுத்தது, அதை ஆடிட்டரிடம் கேட்டுக்கொள்ளட்டும். மாப்பிள்ளை வீட்டில் எதுவும் கேட்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். இந்தப் பேச்சை முதலில் மகள் மாப்பிள்ளையிடம் பேசட்டும், அப்பாவிடம் அவர் சொல்வார். அதற்கும் மேலே "அவன் பேர்லதான்" என்று பிடிவாதம் வந்தால், வீட்டை அவர்களே வாங்கிக்கொள்ளட்டும். உங்கள் பணம் மகளின் வைப்பில் இருக்கட்டும்.

பலர் கேட்க மறக்கிற ஒன்று உயில். இந்து வாரிசுரிமைச் சட்டம், 1956-ன்படி, உயில் எழுதாமல் ஒரு பெண் இறந்தால் அவள் சொத்து முதலில் பிள்ளைகளுக்கும் கணவருக்கும் போகும். இவர்கள் யாரும் இல்லாவிட்டால் கணவரின் வாரிசுகளுக்கு. அதற்கும் பிறகுதான் பெற்ற அம்மா, அப்பா. பிள்ளை இல்லாதவளுக்குப் பெற்றோரிடமிருந்து வாரிசாக வந்த சொத்து மட்டும் அப்பா வழிக்குத் திரும்பும். நீங்கள் பரிசாகக் கொடுத்த பணத்தில் வாங்கிய வீடு அந்த விலக்கில் வராது. 2009-ல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த ஒரு வழக்கில், 1955-ல் கல்யாணமாகி மூன்றே மாதத்தில் கணவரை இழந்து, புகுந்த வீட்டாரால் விரட்டப்பட்ட பெண்ணைப் பெற்றோர்தான் படிக்கவைத்தார்கள். வேலைக்குப் போய்ச் சம்பாதித்து, உயில் எழுதாமல் 1996-ல் அவர் இறந்தார். அவர் சம்பாதித்தது கணவருடைய சகோதரியின் பிள்ளைகளுக்குப் போனது. சட்டம் அப்படித்தான் இருக்கிறது.

ஆகவே வீடு பதிவான மாதத்திலேயே உங்கள் மகளும் மாப்பிள்ளையும் ஆளுக்கொரு உயில் எழுதட்டும். முத்திரைத் தாள் வேண்டாம், வெள்ளைத் தாள் போதும். எழுதுகிறவர் கையெழுத்துப் போடுவதைப் பார்த்து இரண்டு சாட்சிகள் கையெழுத்திட வேண்டும். சொத்து பெறப்போகிறவரைச் சாட்சியாகப் போட வேண்டாம். பதிவு கட்டாயமில்லை, செய்தால் நல்லது. குழந்தை பிறந்ததும் மாற்றி எழுதிக்கொள்ளலாம். வங்கியில் நாமினி போட்டுவிட்டோம் என்று இருந்துவிடக் கூடாது. நாமினி பணத்தை வாங்கிக்கொள்கிறவர் மட்டும்தான், அது யாருக்குச் சேரும் என்பதை உயிலோ வாரிசுச் சட்டமோதான் முடிவு செய்யும். "நல்ல காரியம் நடக்கிற வீட்டுல உயில் பேச்சா" என்று பெரியவர்கள் சங்கடப்படுவார்கள். கல்யாண வீட்டில் பேச வேண்டாம், பதிவு அலுவலகத்திலிருந்து வந்த பிறகு பேசுங்கள்.

மகனின் கேள்விக்கு நேரான பதில்: ஆமாம், அவளுக்குப் பங்கு உண்டு. கல்யாணத்துக்கு நகை போட்டதாலோ பணம் கொடுத்ததாலோ பூர்வீகச் சொத்தில் மகளின் பங்கு போவதில்லை. தமிழ்நாட்டில் 1989-லேயே மகளுக்குச் சம உரிமை வந்துவிட்டது, நாடு முழுவதற்கும் 2005-ல் வந்தது. உங்கள் கணவர் சுயமாகச் சம்பாதித்த சொத்தில் மட்டும் யாருக்கு எவ்வளவு என்பது அவர் விருப்பம். இப்போது கொடுப்பதைக் கழித்துக்கொள்ள வேண்டும் என்று அவர் நினைத்தால் அதைத் தன் உயிலில் எழுதட்டும். மகளிடம் இப்போதே "எனக்குப் பங்கு வேண்டாம்" என்று எழுதி வாங்கிவிடலாம் என்று யாராவது சொல்வார்கள். அப்பா உயிரோடு இருக்கும்போது, நாளை வரக்கூடிய பங்கை விட்டுக்கொடுத்து எழுதும் எழுத்து பொதுவாகச் சட்டத்தில் நிற்காது. அண்ணன் தங்கை மனதில் கசப்பு மட்டும் தங்கிவிடும். பூர்வீகம் எது, சுயம் எது என்று இருவரையும் உட்கார வைத்துப் பத்திரங்களைக் காட்டிவிடுவது நல்லது.

இந்த வாரம் செய்ய வேண்டியது 18 பவுனையும் எடுத்து வைத்து எடை போட்டுப் பட்டியலைத் தொடங்குவதுதான். உங்கள் மாமியாரைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ளுங்கள். எந்த நகை யார் போட்டது, எந்த வருடம் அழித்துச் செய்தது என்பதெல்லாம் அவருக்குத்தான் தெரியும். அட்டிகையை அவர் பேத்திக்குக் கொடுப்பதானால் முதல் வரியில் அதையே எழுதுங்கள்: அட்டிகை ஒன்று, எடை இவ்வளவு, கொடுத்தவர் என்ற இடத்தில் அவர் பெயர், உறவு என்ற இடத்தில் அப்பத்தா.